சரபங்கா நதிக்கரையில் ஒரு நாள்

சேலம் மாவட்டம் என்றதும் நம் வாசகர்களுக்கு மாம்பழம் நினைவுக்கு வரும். ஏற்காட்டின் குளிர் நினைவுக்கு வரும். மேட்டூர் அணையும் வரும். மீன் மட்டும் வராது. கடலை விட்டு இருநூறு கிலோமீட்டருக்கும் அப்பால், நான்கு பக்கமும் குன்றுகளும் சோளக்கொல்லைகளும் சூழ்ந்த சமவெளியில் மீனுக்கு என்ன வேலை என்றே பலரும் எண்ணுவர். நாமும் அவ்வாறே எண்ணியிருந்தோம். எடப்பாடிக்குச் சென்று வந்தபின் அந்த எண்ணம் மாறிற்று.

சென்ற ஐப்பசியின் முதல் வாரத்தில் ஒரு சனிக்கிழமை அது. முந்தைய இரண்டு இரவுகள் ஏற்காட்டு மலையில் நல்ல மழை. 'ஆற்றில் தண்ணீர் வந்திருக்கிறது. பார்க்க வேண்டுமானால் இப்போதே வாருங்கள்' என்று எடப்பாடி நண்பரிடமிருந்து செய்தி வந்தது. இரண்டு குடும்பங்களாகக் காலையிலேயே புறப்பட்டோம். பிள்ளைகளுக்கு ஆறு பார்க்கும் ஆசை. பெரியவர்களுக்குப் பூலாம்பட்டி மீன் குழம்பின் மேல் ஆசை. இரண்டும் நிறைவேறின. ஆனால் வீடு திரும்பியபோது, நாம் எடுத்துச் சென்றிராத ஒரு கவலையையும் உடன் கொண்டுவந்தோம். அதைப் பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரை.

மலையும் வழியும்

எடப்பாடி நகரின் ஊடே ஓடும் சிற்றாறு சரபங்கா. சரபங்க முனிவர் தவமிருந்த இடத்திலிருந்து வருவதால் இப்பெயர் என்று மக்கள் சொல்வர். ஐயாயிரம் அடிக்கு மேல் உயர்ந்து நிற்கும் சேர்வராயன் மலைத்தொடரே இதன் தாய்வீடு. மலையை விட்டு இறங்கும்போது கிழக்குச் சரபங்கா, மேற்குச் சரபங்கா என்று இரண்டாக இருக்கும் இந்நதி, ஓமலூரில் ஒன்றாகிறது. பிறகு தாரமங்கலம் வட்டாரத்தைத் தொட்டு, எடப்பாடி நகருக்குள் புகுந்து, தேவூரைக் கடந்து, காவேரிப்பட்டிப் பக்கம் காவிரியில் சென்று கலக்கிறது.

வரைபடத்தில் இது ஒரு மெல்லிய கோடு. ஆண்டில் பல மாதங்கள் மணலும் கருவேலமுமாகக் கிடக்கும் காட்டாறுதான். ஆனால் இந்தச் சிற்றாற்றை ஆறு என்று மட்டும் பார்த்தால் பாதிதான் விளங்கும். இதன் இரு பக்கங்களிலும் ஏரிகள் உள்ளன. நம் முன்னோர் ஆற்றில் சிறு அணைகளைக் கட்டி, வாய்க்கால் வெட்டி, ஓர் ஏரியை நிரப்பினர். அது நிரம்பி வழிந்தால் அடுத்த ஏரிக்கு. அதன் கடைவாயில் வழிந்தால் அதற்கும் அடுத்ததற்கு. எல்லாம் நிரம்பிய பின் மிச்சம் மீண்டும் ஆற்றுக்கு. மாலையில் கோத்த மணிகளைப் போல ஏரிகள் அமைந்திருக்க, நடுவே ஓடும் நூலாகச் சரபங்கா விளங்குகிறது.

இந்த அமைப்பு பயிருக்காக ஏற்பட்டது. ஆனால் மனிதன் பயிருக்கு வெட்டிய வழியை மீன் தனக்கென்று எடுத்துக்கொண்டது. அதைக் காண்பதற்குத்தான் நண்பர் எம்மை அழைத்திருந்தார்.

ஏற்றுமீன்

நகருக்கு மேற்புறம், ஒரு சிறு தடுப்பணையின் அருகே வண்டியை நிறுத்தினோம். செம்மண் கரைந்த நீர் அணையின் மேல் வழுக்கி விழுந்துகொண்டிருந்தது. கீழே முழங்கால் அளவு நீரில் நான்கைந்து சிறுவர்கள் துண்டை விரித்துப் பிடித்து நின்றனர். சற்றுத் தள்ளி முதியவர் ஒருவர் வீச்சுவலையைத் தோளில் மடித்துப் போட்டு, நீரையே பார்த்தபடி அசையாமல் நின்றார்.

'பெரியவரே, மீன் இருக்கிறதா?' என்று கேட்டோம்.

'சத்தம் போடாதீங்க சாமி, இப்பப் பாருங்க' என்றார்.

பார்த்தோம். விழும் நீருக்கு எதிராக, விரல் நீளக் கெண்டை ஒன்று வெள்ளி போல் மின்னித் துள்ளிற்று, விழுந்தது, மீண்டும் துள்ளிற்று. அதன் பின்னே மற்றொன்று. நம்முடன் வந்த சிறுவன் கைகொட்டிச் சிரித்தான்.

இதைத்தான் ஏற்றுமீன் என்பர். கோடை முழுவதும் மடுக்களிலும் ஏரியின் ஆழத்திலும் ஒடுங்கிக் கிடக்கும் மீன்கள், புதுவெள்ளத்தின் மணமும் குளிர்ச்சியும் பட்டதும் எதிர்நீரில் ஏறத் தொடங்குகின்றன. முட்டையிடுவதற்கு ஆழமற்ற, புல் மூழ்கிய, தெளிந்த இடம் அவற்றுக்கு வேண்டும். பெருநீரில் முட்டையிட்டால் பெரிய மீன்கள் தின்றுவிடும். ஆதலால் கீழே உள்ள ஏரியிலிருந்து வாய்க்காலுக்கும், வாய்க்காலிலிருந்து ஆற்றுக்கும், ஆற்றிலிருந்து மேல் ஏரிக்கும் ஏறிச் செல்கின்றன. குஞ்சுகள் பொரித்து, வெள்ளம் வடியும்போது நீரோடு கீழே இறங்குகின்றன. ஆண்டுதோறும் ஏறுவதும் இறங்குவதுமான இந்தப் பயணம் நடந்தால்தான் மீன்குலம் நிலைக்கும்.

முதியவர் வலையை வீசினார். வட்டமாக விரிந்து விழுந்த வலையை மெல்ல இழுத்தபோது அதில் சிறு கெண்டைகள் சில, மீசை வைத்த கெளுத்தி ஒன்று, பாம்பைப் போல் நெளியும் ஆரால் ஒன்று இருந்தன. அவற்றை ஓலைப் பறியில் போட்டுக்கொண்டார். வாயில் சேறும் வயிற்றில் முட்டையுமாக இருந்த ஒரு கெண்டையை மட்டும் எடுத்து, அணைக்கு மேற்புறம் நீரில் விட்டார்.

'அதை ஏன் விட்டுவிட்டீர்கள்?'

'ஏறி வந்தது ஏறட்டுமுங்க. அத வழியில புடிச்சா அடுத்த வருசம் நாம எதைப் புடிக்கிறது?'

விரால் மீனைப் பற்றியும் அவரே சொன்னார். விரால் தன் குஞ்சுகளைக் காவல் காக்கும் மீன். செந்நிறமான குஞ்சுகள் கூட்டமாக மேலே மிதக்க, தாயும் தந்தையும் கீழே சுற்றிவரும். குஞ்சுக் கூட்டத்தைக் கண்டு அங்கே தூண்டில் போட்டால் பெரிய விரால் சீறி வந்து கடிக்கும். எளிதாகப் பிடித்துவிடலாம். ஆனால் பெற்றோர் போனபின் அத்தனை குஞ்சும் பிற மீன்களுக்கு இரையாகிவிடும். 'எங்கப்பா, குஞ்சு மேல தூண்டி போட்டா கையை ஒடிச்சிருவேம்பாரு' என்று சொல்லி முதியவர் சிரித்தார். பள்ளிக்கூடம் செல்லாத ஒரு தகப்பன் பிள்ளைக்குக் கற்றுத்தந்த இயற்கைப் பாடம் இது.

எடப்பாடியில் உள்நாட்டு மீன்பிடித்தலை மரபுத் தொழிலாகக் கொண்ட பருவதராஜ குலத்தார் பெருந்தொகையினராக உள்ளனர். தைப்பூசத்தை அடுத்து இவர்கள் காவடியுடன் கால்நடையாகப் பழனிக்குச் செல்வதும், அங்கு மலைமேல் ஓர் இரவு தங்கும் மரபுரிமை பெற்றிருப்பதும் தமிழகம் அறிந்த செய்தி. கடலறியாத ஓர் ஊரில் மீனவர் சமூகம் தலைமுறை தலைமுறையாக வேரூன்றி வாழ்ந்திருக்கிறது என்றால், இந்தச் சிற்றாறும் ஏரிகளும் அருகிலுள்ள காவிரியும் ஒரு காலத்தில் எவ்வளவு வாரி வழங்கியிருக்க வேண்டும் என்பதை நாமே ஊகிக்கலாம்.

ஊருக்கு மேலும் கீழும்

முதியவரிடம், 'நகருக்குக் கீழேயும் வலை வீசுவீர்களா?' என்று கேட்டோம். அவர் பதில் சொல்லவில்லை. 'போய்ப் பாருங்க சாமி' என்றார்.

சென்று பார்த்தோம். மேற்புறத்தில் செம்மண் நிறமாயிருந்த நீர், நகரைக் கடந்ததும் கருத்துப் போயிருந்தது. கரையோரம் ஆகாயத்தாமரை அடர்ந்து, நீரே தெரியாதபடி பசுங்கம்பளமாய் மூடியிருந்தது. இடையிடையே நெகிழிப் பைகள். ஒரு வாய்க்காலிலிருந்து ஆற்றுக்குள் இறங்கிய நீர் கருநீலமாய் இருந்தது. பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொண்டனர்.

எடப்பாடி நெசவுக்குப் பேர்போன ஊர். எந்தத் தெருவுக்குள் நுழைந்தாலும் விசைத்தறியின் ஓசை கேட்கும். தறி ஓடுவதற்குச் சாயமேற்றிய நூல் வேண்டும். சாயமேற்றிய நூலை அலச நீர் வேண்டும். அலசிய நீரைச் சுத்திகரிக்காமல் விட்டால் அது பள்ளம் தேடிச் சென்று ஆற்றில் விழும். வீட்டுக் கழிவுநீரும் அதே பள்ளத்தைத்தான் தேடுகிறது. இன்ன பட்டறை, இன்ன தெரு என்று சுட்டிக்காட்ட நாம் போகவில்லை. அந்தத் தறிகளை நம்பித்தான் பல்லாயிரம் குடும்பங்கள் அடுப்பு மூட்டுகின்றன. அவர்களிடம் 'தறியை நிறுத்து' என்று சொல்வது எளிது, செய்யத்தக்கதன்று.

ஆனால் நீருக்குள் நடப்பதையும் அறிந்திருப்பது நல்லது. மீனும் நம்மைப் போலவே மூச்சுவிடும் உயிர். நீரில் கரைந்துள்ள பிராணவாயுவைச் செவுள்களால் அது ஈர்க்கிறது. கழிவு மிகுந்தால் அதை மட்கச் செய்யும் நுண்ணுயிர்கள் அந்த வாயுவைத் தின்று தீர்க்கின்றன. ஆகாயத்தாமரை மூடினால் வெயிலும் காற்றும் நீரில் படுவதில்லை. விடியற்காலையில் மீன்கள் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடுவதைச் சிலர் விளையாட்டு என்று நினைப்பர். அது மூச்சுத் திணறல். முதலில் மறைவது மணற்பாங்கான தெளிந்த நீரையே நாடும் அயிரை. பின்னர் கெண்டைகள் மறைகின்றன. காற்றையும் நேரே உறிஞ்சிப் பிழைக்கவல்ல விரால், குரவை போன்றவை சிறிது காலம் தாங்கும். கடைசியில் எஞ்சுவது எதையும் தாங்கும் ஜிலேபிக் கெண்டைதான்.

இந்த ஜிலேபி நம் நாட்டு மீனன்று. ஆப்பிரிக்காவில் பிறந்தது, 1952-ஆம் ஆண்டு இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்டது. தாய்மீன் முட்டைகளைத் தன் வாய்க்குள் வைத்தே பொரிப்பதால் எந்த நீரிலும் பல்கிப் பெருகும். வளர்ப்பதற்குத் தடை செய்யப்பட்ட ஆப்பிரிக்கக் கெளுத்தியும் இன்று பல நீர்நிலைகளில் புகுந்து, நாட்டு மீன்களின் குஞ்சுகளை விழுங்கிவருகிறது. ஓர் ஆற்றில் மீனே இல்லை என்பது ஒரு துயரம். 'மீன் இருக்கிறதே' என்று நாம் திருப்தியடையும்படி வந்தேறிகள் மட்டும் நிறைந்திருப்பது கண்ணுக்குத் தெரியாத துயரம்.

பூலாம்பட்டித் துறையில்

நண்பகலில் பூலாம்பட்டி சேர்ந்தோம். எடப்பாடியிலிருந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் தொலைவு. சாலை சரிந்து இறங்க, திடீரென்று காவிரி கண்முன் விரிகிறது. இக்கரையில் தென்னையும் வாழையும். அக்கரையில் ஈரோடு மாவட்டத்து நெருஞ்சிப்பேட்டை. அதற்குப் பின்னே மலைவரிசை. இரு கரைகளுக்கும் இடையே விசைப்படகு ஓடுகிறது. பள்ளிப் பிள்ளைகளும், இருசக்கர வண்டியை ஏற்றிக்கொண்டு வந்த விவசாயியும், கோழிக்கூடையுடன் ஒரு பாட்டியும் நம்முடன் ஏறினர்.

இங்கே காவிரி ஏரியைப் போல் அசையாமல் நிற்பதற்குக் காரணம் கதவணை. மேட்டூருக்குக் கீழே செக்கானூர், நெருஞ்சிப்பேட்டை, கோனேரிப்பட்டி, ஊராட்சிக்கோட்டை என்று வரிசையாகக் கதவணைகள் கட்டி, ஒவ்வொன்றிலும் 30 மெகாவாட் மின்சாரம் எடுக்கும் நிலையங்களை அமைத்துள்ளனர். பாய்ந்தோடிய ஆறு இப்போது படிக்கட்டில் இறங்குவதுபோல் தேங்கித் தேங்கி இறங்குகிறது. தேங்கிய நீர் பரிசலுக்கு வசதி. வலை கட்டுவதற்கும் வசதி. ஆனால் ஓடும் நீரில் வாழப் பிறந்த மீனுக்கு அது வீடாகாது.

துறையில் பரிசல்கள் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தன. மூங்கிலை முடைந்து, அடிப்புறம் தோலால் போர்த்திய பரிசல் அக்காலத்தது. இப்போது நெகிழித் தாளும் தாருமாக மாறிவிட்டது. கண்ணாடி இழைப் பரிசலும் வந்துவிட்டது. மாலையில் தங்கூஸ் வலையைக் கட்டிவிட்டு, விடியலில் கணவனும் மனைவியுமாகச் சென்று எடுத்துவருகின்றனர். கணவன் வலையை உருவ, மனைவி துடுப்புப் போடுவாள். 'துடுப்புப் புடிக்கத் தெரியாதவளை இங்க கட்டிக் குடுக்க மாட்டாங்கம்மா' என்று ஒரு பெண்மணி நம் வீட்டாரிடம் சொல்லிச் சிரித்தார்.

அன்று கரைக்கு வந்த மீன்களில் பெரியவை கட்லா, ரோகு, மிர்கால் ஆகியவை. இவை கங்கைச் சமவெளியின் மீன்கள். காவிரிக்கு எவ்வாறு வந்தன? இதில் ஓர் அரிய வரலாறு உண்டு. இம்மீன்கள் ஓடும் வெள்ளத்தில்தான் இனம் பெருக்கும். குளத்தில் விட்டால் வளருமேயன்றி முட்டையிடா. 1957-ஆம் ஆண்டு ஜூலை 10-ஆம் நாள், ஹீராலால் சௌத்ரி என்னும் விஞ்ஞானி ஒடிசாவில், மீனின் மூளையடிச் சுரப்பியின் சாற்றை ஊசி மூலம் செலுத்தி, தேங்கிய நீரிலேயே கெண்டைகளை முட்டையிடச் செய்தார். அந்நாளே இன்றும் நாடு முழுவதும் மீன் வளர்ப்போர் தினமாகக் கொண்டாடப்படுகிறது. அதன் பின்னரே பண்ணைகளில் இலட்சக்கணக்கில் குஞ்சு பொரிக்கச் செய்து அணைகளிலும் ஏரிகளிலும் விடுவது எங்கும் பரவிற்று. மேட்டூரிலும் அத்தகைய மீன்பண்ணை உள்ளது. ஏழைக்கு மலிவாக மீன் கிடைப்பது இதனால்தான். இது பெரும் நன்மை.

ஆயினும் துறையில் இருந்த மீனவர் ஒருவர் சொன்ன சொல் நம் மனத்தில் தைத்தது. 'அப்பல்லாம் தண்ணி வந்தா மீனுந் தானா வருமுங்க. இப்பத் தண்ணி வருது. மீனு நாம கொண்டாந்து உட்டாத்தானுங்க.'

மதியம் கரையோர விடுதியில் களியும் மீன் குழம்பும் உண்டோம். புளியும் பூண்டும் சின்ன வெங்காயமும் தாராளமாகச் சேர்ந்த குழம்பு. புரட்டாசி முடிந்துவிட்டதால் கூட்டம் நெரிந்தது. புரட்டாசியில் நம் இந்து சகோதரர்கள் மீனை விலக்குவதால் விலை இறங்கும் என்றும், நமது தவக்காலத்து வெள்ளிக்கிழமைகளில் கிறிஸ்தவக் குடும்பங்கள் மீனைத் தேடிவரும் என்றும் விடுதிக்கார அம்மையார் கணக்குச் சொன்னார். ஒருவர் நோன்பில் மீன் பிழைக்கிறது. மற்றவர் நோன்பில் மீனவர் பிழைக்கிறார்!

மூழ்கிய கோபுரங்கள்

காவிரியைப் பற்றிப் பேசும்போது மேட்டூரைச் சொல்லாமல் இருக்க இயலாது. 1925-இல் தொடங்கி 1934-இல் முடிந்த அணை அது. 120 அடி ஆழத்துக்கு 93.47 டி.எம்.சி. நீரைத் தேக்குவது; தஞ்சைத் தரணிக்குச் சோறிடுவது. எடப்பாடி வட்டாரத்துக்கும் கிழக்குக் கரை வாய்க்கால் வழியே பாசனம் தருவது.

அந்த நீருக்கடியில் சில ஊர்கள் உறங்குகின்றன. அணை கட்டியபோது அங்கிருந்த மக்கள் வீடு வாசலை விட்டு மேட்டு நிலங்களுக்குக் குடிபெயர்ந்தனர். நீர்மட்டம் வெகுவாக இறங்கும் ஆண்டுகளில் பண்ணவாடிப் பகுதியில் ஜலகண்டேஸ்வரர் கோவிலின் நந்தி சிலையும், அதற்குத் தொலைவிலன்றி, நம் கிறிஸ்தவ ஆலயம் ஒன்றின் இரட்டைக் கோபுரங்களும் நீருக்கு மேல் தலைகாட்டுகின்றன. பரிசலில் சென்று பார்த்தவர்கள் நம் வாசகர்களில் இருக்கக்கூடும். கோவிலும் ஆலயமும் ஒரே நீரில் மூழ்கின. ஒரே வறட்சியில் எழுகின்றன. பலரது வயிறு நிறைவதற்காகச் சிலர் விட்டுக்கொடுத்த வீடுகளின் அடையாளம் அவை.

மக்கள் விட்டுக்கொடுத்ததை வரலாறு எழுதி வைத்தது. மீன்கள் விட்டுக்கொடுத்ததை யார் எழுதினர்? கடலிலிருந்து ஆற்றில் ஏறி முட்டையிடும் உள்ளம் என்னும் மீன் ஒரு காலத்தில் காவிரியிலும் கொள்ளிடத்திலும் ஏறிவந்தது. விலாங்கு அதற்கு நேர்மாறு. ஆழ்கடலில் பிறந்து, ஆற்றில் வளர்ந்து, இறுதியில் குஞ்சு பொரிக்கக் கடலுக்கே திரும்புவது. அணையொன்று குறுக்கே எழும்போது இவற்றின் வழி அடைபடுகிறது. அணை வேண்டாம் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் ஒரு வழியை அடைத்தவர்களுக்கு, மீதமுள்ள வழிகளையேனும் திறந்து வைக்கும் கடமை உண்டன்றோ?

சரபங்கா வட்டாரத்துக்கு இக்கேள்வி இன்று மிகப் பொருந்தும். மேட்டூர் அணை நிரம்பி வழியும் காலத்தில் உபரிநீரைத் திப்பம்பட்டியில் இறைத்து, சரபங்கா வடிநிலத்தின் 100 ஏரிகளை நிரப்பும் 565 கோடி ரூபாய்த் திட்டத்துக்கு 2020-இல் அடிக்கல் நாட்டி, 2021 பிப்ரவரியில் முதற்கட்டத்தைத் தொடங்கி வைத்தனர். வறண்ட ஏரிக்கு நீர் வருவது மகிழ்ச்சிக்குரியது. ஆனால் குழாயில் நீர்தான் ஏறும். முட்டை சுமந்த தாய்க் கெண்டை ஏறாது. அதற்கு வாய்க்கால் வேண்டும். தூர்ந்து போகாத, ஆக்கிரமிக்கப்படாத, சாயம் கலவாத வாய்க்கால் வேண்டும். நீர் வந்து வழி இல்லாவிட்டால் ஏரி ஒரு தொட்டி. வழியும் இருந்தால்தான் அது ஏரி.

திரும்பும் வழியில்

மாலையில் எடப்பாடிக் கடைவீதியில் ஆளுக்கொரு துண்டு வாங்கினோம். நல்ல கருநீலக் கரை, விலையும் மலிவு. இரண்டு நாள் கழித்து வீட்டில் அதை முதன்முறையாக வாளி நீரில் நனைத்தபோது நீர் முழுதும் நீலமாயிற்று. அருகில் நின்ற சிறுவன் அதை உற்றுப் பார்த்துவிட்டு, 'அந்த வாய்க்கால் தண்ணீரும் இதே நிறந்தானே?' என்று கேட்டான்.

நமக்குப் பதில் வரவில்லை. சாயப்பட்டறைக்காரரை மனத்துக்குள் குறைகூறிக்கொண்டே அன்று ஆற்றங்கரையில் நின்றோம். அந்தச் சாயத்தை விலை கொடுத்து வாங்கி வந்தவர்களும் நாமே. மலிவாக வேண்டும் என்று நாம் பேரம் பேசிக் குறைத்த ரூபாய்களில், நீரைச் சுத்திகரிக்கும் செலவும் சேர்ந்தே குறைந்துபோகிறது. பல சிறு பட்டறைகள் ஒன்றுகூடிப் பொதுவான சுத்திகரிப்பு நிலையம் அமைத்துக்கொள்ளும் வழக்கம் நம் மாநிலத்தில் வேறு ஊர்களில் உண்டு. அதற்கு அரசின் துணையும் வேண்டும். துணிக்கு நியாய விலை கொடுக்கும் மனமும் வேண்டும்.

பெரியவை நம் கையில் இல்லாவிடினும் சிறியவை உள்ளன. நம் ஊர் ஏரிக்கு நீர் வரும் வாய்க்கால் எது என்று பிள்ளைகளுக்குக் காட்டலாம். அதில் குப்பை கொட்டாதிருக்கலாம். புதுவெள்ளக் காலத்தில் ஏறிவரும் சினைமீனை வாங்க மறுக்கலாம். வீட்டுத் தொட்டியில் சலித்துப்போன அயல்நாட்டு மீனை ஆற்றில் கொண்டுபோய் விடாதிருக்கலாம்.

தடுப்பணையில் அந்த விரல் நீளக் கெண்டை மூன்றாம் முறையும் துள்ளிற்று. இம்முறை அணையின் மேல் விளிம்பைத் தாண்டி மறைந்தது. அது ஏறிச் சென்ற வழி நம் பேரப்பிள்ளைகள் காலத்திலும் திறந்திருக்க வேண்டும்.